வாரம் ஒரு ரீல்: ‘பிராங்கோ பில்லி’யின் மலிவுப் பட முறை எழுந்ததும் விழுந்ததும்

ஆய்வுக்கு எடுத்துக்கொண்டது

சினிமாவின் முதல் கௌபாய் நட்சத்திரம் என்று வரலாற்றில் குறிக்கப்படும் ‘பிராங்கோ பில்லி’ கில்பர்ட் எம். ஆண்டர்சனின் பதின்மூன்று ஆண்டுத் தொழில் வாழ்க்கையை இங்கே பார்க்கிறோம். அவரே நடித்தார், அவரே இயக்கினார், கதையும் பெரும்பாலும் அவருடையதே. நிறுவனத்தில் பாதிப் பங்கும் அவருக்கு இருந்தது. குறைந்த செலவில் வாரத்துக்கு ஒரு படம் என்று ஆண்டுக்கணக்கில் எடுத்துத் தள்ளிய ஒரு முறையை உருவாக்கினார். அந்த முறையால் உயர்ந்தார், அந்த முறையாலேயே 36 வயதுக்குள் வெளியே வந்தும் விட்டார்.

பொது வரலாற்றில் இருப்பவர்கள் என்பதால் மூன்று பேரை மட்டும் பெயர் சொல்லி எழுதுகிறேன்: கில்பர்ட் எம். ஆண்டர்சன், அவருடைய கூட்டாளி ஜார்ஜ் கே. ஸ்பூர், இடையில் ஒரு வருடம் வந்துபோன சார்லி சாப்ளின். மற்றவர்களை அவரவர் பார்த்த வேலையை வைத்தே குறிப்பிடுகிறேன்.

பின்னணி: 1903 முதல் 1907 வரை

ஆண்டர்சனின் இயற்பெயர் மாக்ஸ் ஆரன்சன். 1880இல் ஆர்கன்சா மாநிலத்தின் லிட்டில் ராக் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்து, செயின்ட் லூயிஸில் வளர்ந்தவர். மாடு மேய்த்த அனுபவமோ பண்ணை வாழ்க்கையோ கிடையாது. நாடகத்தில் நடிக்கும் ஆசையோடு நியூயார்க் போனார். அங்கே வாய்ப்பு அதிகம் கிடைக்கவில்லை. புகைப்படக்காரர்களுக்கு மாடலாக நின்று வயிற்றைக் கழுவினார்.

1903இல் எடிசன் நிறுவனம் ரயில் கொள்ளையை வைத்து ஏறக்குறைய 12 நிமிடப் படம் ஒன்று எடுத்தது. மேற்குப் பிரதேசக் கதைதான், ஆனால் படமாக்கியதெல்லாம் கிழக்குக் கரையோரம், நியூ ஜெர்சிப் பக்கம். அதில் ஆண்டர்சனுக்கு மூன்று சிறு வேடங்கள்: சுடப்பட்டு விழும் பயணி, துப்பாக்கி முனையில் ஆடவைக்கப்படும் பட்டணத்து ஆள், கொள்ளையரில் ஒருவன். குதிரை ஏறத் தெரியும் என்று சொல்லித்தான் சேர்ந்தார். தெரியாது என்பது ஷூட்டிங்கின்போதே வெளியாகிவிட்டது. ‘பிராங்கோ’ என்றால் பழக்கப்படாத குதிரை. பின்னாளில் அந்தப் பெயரிலேயே உலகப் புகழ் பெறப்போகிறவரைக் குதிரை கீழே தள்ளிவிட்டது என்று இன்றும் சொல்கிறார்கள்.

அந்தப் படம் கூட்டம் நிரம்பிய அரங்கில் ஓடியபோது அவரும் உட்கார்ந்து பார்த்தார். ஜனங்கள் எழுந்து கத்தியதைக் கண்டதும் இனித் தன் தொழில் சினிமாதான் என்று முடிவு செய்தார். அடுத்த சில ஆண்டுகள் வைட்டாகிராஃப், செலிக் ஆகிய நிறுவனங்களில் நடிகராகவும் இயக்குநராகவும் வேலை பார்த்தார். செலிக்குக்காக 1907இல் கொலராடோ மலைகளில் படமெடுத்தது அவருக்குப் பெரிய பாடம். உண்மையான மலையும் பாதையும் திரையில் வரும்போது வரைந்த திரைச்சீலை எடுபடாது என்பதை அங்கே நேரில் கண்டார்.

அதே 1907இல் சிகாகோவில் ஸ்பூரோடு சேர்ந்து கம்பெனி தொடங்கினார். ஸ்பூர் ஏற்கெனவே படங்களை வாடகைக்கு விடும் தொழிலில் இருந்தவர். இருவர் பெயரின் முதலெழுத்துகளான ‘எஸ்’ஸையும் ‘ஏ’யையும் சேர்த்து ‘எஸ்ஸனே’ என்று பெயர் வைத்தார்கள். முதல் படம், சக்கரச் செருப்பு மாட்டிக்கொண்டு தெருவில் மோதித் திரியும் ஒரு நாடோடியின் நகைச்சுவை. நாயகனாக ஓடியவர், ஸ்டூடியோவைப் பெருக்கித் துடைக்கும் வேலையும் பார்த்தவர். சில நூறு டாலரில் எடுத்த படம் பல ஆயிரம் ஈட்டியது. ஆண்டர்சனின் வழி ஏறக்குறைய இங்கேயே தீர்மானமாகிவிட்டது என்பது என் எண்ணம். கையில் இருக்கிற ஆளை வைத்து, தெருவையே செட்டாக்கி, சீக்கிரம் எடுத்து, சீக்கிரம் விற்பது.

அன்றைய சந்தை

அடுத்து வரும் முடிவுகள் புரிய வேண்டுமானால் படம் எப்படி விற்கப்பட்டது என்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும்.

ஐந்து சென்ட் கட்டணத்தில் படம் காட்டும் கொட்டகைகள் அமெரிக்கா முழுவதும் முளைத்திருந்த காலம். பல கொட்டகைகளில் படங்களைத் தினந்தோறும் மாற்றுவார்கள். ஒரு காட்சியில் மூன்று நான்கு குறும்படங்கள் ஓடும். ஒரு படத்தின் அளவு ஒரு ரீல், அதாவது சுமார் 1,000 அடி. ஓர் அடியில் 16 ஃபிரேம். விநாடிக்கு 16 ஃபிரேம் என்று சுற்றினால் ஓர் அடி ஒரு விநாடி, ஒரு ரீல் 16, 17 நிமிடம். கையால் சுற்றும் கருவி என்பதால் கொட்டகைக்குக் கொட்டகை இது கூடும், குறையும்.

முக்கியமான செய்தி, படத்துக்கு விலை அடிக்கணக்கில். கதை நல்லதா, நடிகர் யார், கூட்டம் வந்ததா என்பதற்கெல்லாம் தனி விலை இல்லை. துணிக்கடையில் கஜம் இவ்வளவு என்று வெட்டித் தருவதுபோலத்தான். 1908 டிசம்பரில் எடிசன் நிறுவனத்தின் தலைமையில், படக் கருவிகளின் காப்புரிமை வைத்திருந்த நிறுவனங்கள் ஒன்றுகூடி ஒரு கூட்டமைப்பு அமைத்தன. எஸ்ஸனேயும் அதில் உறுப்பினர். உறுப்பினர்களின் படங்களைக் கூட்டமைப்பின் விநியோக அமைப்பு தொடர்ந்து எடுத்துக்கொள்ளும். விலை நிர்ணயமானது, வாங்கும் இடமும் உறுதியானது, அதற்குள் லாபத்தைக் கூட்ட இரண்டே வழி: செலவைக் குறைப்பது, எண்ணிக்கையைக் கூட்டுவது.

ஆண்டர்சன் செய்தது அத்தனைக்கும் இந்தக் கணக்கே அடி. அவரைக் கஞ்சன் என்று எழுதியவர்கள் உண்டு. நான் அப்படிச் சொல்லமாட்டேன். அடிக்கு இவ்வளவு என்று கூலி கொடுக்கும் சந்தையில் அடியைப் பெருக்கினார், அவ்வளவுதான்.

முதல் முடிவு: ரயிலேறிப் போய்ப் படமெடுப்பது

சிகாகோவின் குளிர்காலத்தில் வெளிச்சம் போதாது. அக்காலத்து ஃபிலிமுக்கு நல்ல வெயில் வேண்டும். 1909இல் ஆண்டர்சன் ஒரு கேமராமேனையும் சில நடிகர்களையும் கூட்டிக்கொண்டு மேற்கே கிளம்பினார். கொலராடோவில் டென்வருக்குப் பக்கத்திலுள்ள கோல்டன் என்ற சிற்றூரைச் சுற்றி முதலில் எடுத்தார்கள். பிறகு கலிஃபோர்னியா: லாஸ் கேடோஸ், சான் ரஃபேல் என்று பருவத்துக்கு ஓர் ஊர். போகிற இடத்திலேயே குதிரை வாடகைக்குப் பிடிப்பது, உள்ளூர்க் குதிரைக்காரர்களையே துணை நடிகர்களாக்குவது, கிடைத்த கொட்டகையையோ தானியக் கிடங்கையோ உட்காட்சிக்குப் பயன்படுத்துவது என்று பழகிக்கொண்டார்கள்.

இந்த முடிவில் செலவுக் கணக்கைத் தாண்டிய ஒன்றும் இருந்தது. நியூ ஜெர்சித் தோப்புகளில் எடுத்த கௌபாய் படங்களைப் பார்த்து மேற்கு அமெரிக்கர்கள் சிரித்துக்கொண்டிருந்தார்கள். ஆண்டர்சனின் படத்தில் மலை மலையாக இருந்தது. கதை எவ்வளவு சாதாரணமாக இருந்தாலும் பின்புலம் பொய் சொல்லவில்லை. செட்டுக்குக் காசில்லாததால் வெளியே போனவருக்கு அந்த ஏழ்மையே படத்தின் மதிப்பாகிவிட்டது.

பலவீனமும் அப்போதே தொடங்கிவிட்டது. அச்சுப் பிரதிகள் போடுவதும் விநியோகமும் பண வரவுசெலவும் சிகாகோவில், ஸ்பூர் கையில். படம் எடுப்பவர் ஏறக்குறைய 3,000 கிலோமீட்டருக்கு அப்பால். இருவருக்கும் நடுவே தந்தியும் ரயிலும்தான்.

இரண்டாவது முடிவு: ஒரே பெயர்

1910 வரை பெரிய நிறுவனங்கள் நடிகர்களின் பெயரைத் திரையில் போடுவதைத் தவிர்த்துவந்தன. பெயர் தெரிந்தால் சம்பளம் ஏறும் என்ற பயம். ரசிகர்கள் முகத்தை அடையாளம் கண்டு, பெயர் கேட்டுக் கடிதம் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

1910 கோடையில், திருந்தும் கொள்ளைக்காரன் ஒருவனைப் பற்றிய படத்தில் ஆண்டர்சன் ‘பிராங்கோ பில்லி’ என்ற பாத்திரமாக வந்தார். படம் பிடித்துப்போயிற்று. மெல்ல மெல்ல அந்தப் பெயர் படத் தலைப்புகளிலேயே ஏறியது. பில்லியின் காதல், பில்லியின் பகை, பில்லியின் சத்தியம் என்று வாராவாரம். இந்த வரிசையில் மொத்தம் 148 படங்கள் என்று கணக்கிடுகிறார்கள்.

பெயர் ஒன்று என்பதைத் தவிர கதைகளுக்குள் தொடர்ச்சி எதுவும் கிடையாது. இந்த வாரம் சாகும் பில்லி அடுத்த வாரம் எழுந்து வருவான். ஒரு வாரம் கொள்ளைக்காரன், மறுவாரம் ஷெரிஃப், அதற்கடுத்த வாரம் கல்யாணமானவன். பார்ப்பவர்கள் இதைக் குறையாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. மாறாமல் இருந்தவை மூன்று: அகன்ற முகம், தடித்த உடம்பு, கெட்டவனாயிருந்தாலும் கடைசியில் குழந்தைக்காகவோ ஒரு பெண்ணுக்காகவோ தன்னை விட்டுக்கொடுக்கும் குணம். ‘நல்ல கெட்டவன்’ என்று பின்னால் வகைப்படுத்தப்பட்ட நாயகனுக்கு முதல் அச்சு இதுதான்.

வியாபார ரீதியில் இதன் பலனைக் கவனிக்க வேண்டும். விளம்பரம் தனியாகத் தேவையில்லை, தலைப்பே விளம்பரம். கொட்டகைக்காரருக்கு என்ன வரும் என்று முன்கூட்டியே தெரியும். கதாசிரியருக்குப் பாதி வேலை மிச்சம். உடைகளும் அவையே, துப்பாக்கியும் அதுவே. கூட்டமைப்பின் விதிப்படி அடிக்கணக்கு விலைதான் என்றாலும், பில்லி படத்துக்குக் கொட்டகைகள் கேட்டு வாங்கியதால் பிரதிகளின் எண்ணிக்கை கூடியது. கடல் தாண்டி இங்கிலாந்திலும் ஐரோப்பாவிலும் பில்லியை அறிந்தார்கள்.

நட்சத்திரத்தை உருவாக்கினால் அவர் சம்பளம் கேட்டு ஓடிவிடுவார் என்று மற்ற முதலாளிகள் அஞ்சிக்கொண்டிருக்க, இங்கே நட்சத்திரமே முதலாளி. ஓடமாட்டார்.

நைல்ஸ், 1912 முதல் 1914 வரை

1912 ஏப்ரலில் குழு நைல்ஸ் என்ற சிறு ஊரில் வந்திறங்கியது. சான் ஃபிரான்சிஸ்கோ விரிகுடாவின் கிழக்குப் பக்கம், இன்று ஃப்ரீமான்ட் நகரின் ஒரு பகுதி. ஊரை ஒட்டியே பள்ளத்தாக்கு. அதில் ஓர் ஓடை, பாறை, வளைந்து போகும் ரயில்பாதை. ரயில் கொள்ளைக் கதைக்கு ரயிலே வீட்டு வாசலில். சிகாகோவுக்குப் பெட்டி அனுப்பவும் அதே ரயில். 1913இல் கண்ணாடிக் கூரை மேடையுடன் ஒரு ஸ்டூடியோவும் அதன் அருகே நடிகர்கள் தங்கச் சிறு வீடுகளும் எழுந்தன. நாடோடிக் குழு நிலைகொண்டது.

நான்கு ஆண்டுகளில் இங்கே எடுத்தவை சுமார் 350 படங்கள். எண்ணிப்பார்த்தால் வாரத்துக்கு ஒன்றுக்கும் மேல். இதற்கு ஒரு நிரந்தரக் குழு இருந்தது. சம்பளம் வாராவாரம், படம் கணக்கில் இல்லை. இன்று வில்லனாக வருபவர் நாளை பாதிரியார். நடிகரின் மனைவியும் நடிகை, குழந்தையும் தேவைப்பட்டால் திரையில். தச்சரும் குதிரைக்காரரும் கூட்டத்தில் நிற்பார்கள். ஆண்டர்சனுக்கு பேஸ்பால் பைத்தியம். ஸ்டூடியோ பெயரில் ஓர் அணியே வைத்திருந்தார், நன்றாக ஆடுகிறவர்களுக்கு ஸ்டூடியோவில் ஏதாவது ஒரு வேலை கிடைக்கும். வெயில் இருக்கும்போது ஷூட்டிங், ஞாயிற்றுக்கிழமை ஆட்டம்.

கௌபாய் படங்களோடு அதே தெரு, அதே உடை, அதே குதிரைகளை வைத்து ஒரு நகைச்சுவை வரிசையும் எடுத்தார்கள். செலவே கூடாமல் இரண்டாவது சரக்கு. அதில் முட்டாள் கௌபாயாக நடித்த ஒருவர் பெரும் புகழ் பெற்றார். இங்கேதான் முறையின் முதல் கீறல் தெரிந்தது. புகழுக்கேற்ற பணம் வேண்டும் என்று எண்ணிய அவர் 1914இல் போட்டி நிறுவனத்துக்குப் போய்விட்டார். அங்கே அவருக்கு ஏறக்குறைய அதே பாத்திரத்தை வேறு பெயரில் தந்தார்கள், அது எடுபடவில்லை. நைல்ஸில் மிச்சமிருந்த துணை நடிகர்களை முன்னே நகர்த்தி வரிசையைத் தொடர்ந்தார்கள். அதுவும் ஓடியது.

இதிலிருந்து ஆண்டர்சன் என்ன புரிந்துகொண்டிருப்பார்? ஆள் போனாலும் வரிசை நிற்கும், முறைதான் பெரிது என்று. அடுத்த ஆண்டு சாப்ளின் விஷயத்தில் நடந்தவற்றைப் பார்த்தால் அந்தப் புரிதல் பலமாகவே இருந்திருக்க வேண்டும்.

கண்ணில் பட்ட, கணக்கில் வராத அறிகுறிகள்

1914 பிப்ரவரியில் லாஸ் ஏஞ்சலிஸ் பக்கத்து ஒரு தொழுவத்தை ஸ்டூடியோவாக வைத்து எடுத்த ஆறு ரீல் கௌபாய் படம் வெளியாகி வெற்றி பெற்றது. எடுத்தவர்கள் தொழிலுக்குப் புதியவர்கள். அதே ஆண்டு நியூயார்க் மேடையிலிருந்து வந்த ஒரு நடிகர், வயது ஐம்பதை நெருங்குபவர், இன்னொரு நிறுவனத்தில் கௌபாயாக நடிக்கத் தொடங்கினார். அவர் நடித்ததும் ஏறக்குறைய பில்லியின் பாத்திரமே: திருந்தும் கெட்டவன். ஆனால் தூசி படிந்த உடை, இறுக்கமான முகம், மனம் மாறுவதற்கு நேரம் கொடுக்கும் நீண்ட கதை. 16 நிமிடத்தில் கொள்ளையடித்து, காதலித்து, மனம் திருந்திச் சாக வேண்டிய பில்லிக்கு அந்த வசதி இல்லை.

1915 தொடக்கத்தில் பன்னிரண்டு ரீல் படம் ஒன்று நாடக அரங்குகளில், நாடகக் கட்டணத்துக்கே ஓடியது. படத்துக்கு இனி அடிக்கணக்கில் விலை இல்லை, தலைப்புக்கு விலை என்று சந்தை மாறிக்கொண்டிருந்தது. 1914 கோடையில் தொடங்கிய முதல் உலகப் போரால் ஐரோப்பிய வருமானமும் கலைந்தது. 1915 அக்டோபரில் கூட்டமைப்பு சட்டத்துக்கு எதிரானது என்று கூட்டாட்சி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆண்டர்சனின் முறையைத் தாங்கிய தூண்கள் எல்லாமே இரண்டு வருடத்துக்குள் ஆடிவிட்டன.

எஸ்ஸனே இதை அறியாமல் இல்லை. 1915 வசந்தத்தில் வேறு மூன்று நிறுவனங்களோடு சேர்ந்து நெடும்படங்களுக்கென்றே தனி விநியோக அமைப்பு வைத்தது. நெடும்படங்களும் எடுத்தது. ஆனால் அவை சிகாகோ பக்கம் உருவானவை. நைல்ஸ் ஒரு ரீலும் எப்போதாவது இரண்டு ரீலுமாகவே ஓடிக்கொண்டிருந்தது. ஒரே கம்பெனியின் ஒரு கை புதிய சந்தைக்குத் தயாராக, அதிகம் சம்பாதித்துக் கொடுத்த மறு கை பழைய மாவையே அரைத்துக்கொண்டிருந்தது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஆண்டர்சனின் மனம் முழுவதும் படத்தில் இல்லை. 1913இல் சான் ஃபிரான்சிஸ்கோவில் கெய்ட்டி என்ற அரங்கில் பணம் போட்டு இசை நாடகங்கள் நடத்தினார். கையைச் சுட்டுக்கொண்டதுதான் மிச்சம். நியூயார்க்கில் கிடைக்காமல் போன மேடையைக் காசு கொடுத்தாவது பிடிக்க நினைத்தார் போலும். நீளமான கௌபாய் படம் ஒன்றைச் சோதித்துப் பார்க்க ஆகக்கூடிய பணமும் நேரமும் அங்கே போயின.

சாப்ளின் வந்த ஆண்டு

1914 முடிவில் ஆண்டர்சன் எடுத்த முடிவு, அவர் தொழில் வாழ்க்கையிலேயே துணிச்சலானது. கீஸ்டோன் நிறுவனத்தில் வாரம் 150 டாலரில் தொடங்கிய சாப்ளினை, வாரம் 1,250 டாலர், கையொப்பத்துக்கு 10,000 டாலர் என்று பேசி எஸ்ஸனேக்கு அழைத்துவந்தார். நைல்ஸ் குழுவில் யாருக்கும் கனவிலும் வராத தொகை. செலவைக் குறைத்தே வளர்ந்தவர் இப்படிப் பேசியதிலிருந்து, சந்தை அடிக்கணக்கிலிருந்து மனிதர்களை நோக்கிப் போவதை அவர் உணர்ந்திருந்தார் என்றே நான் படிக்கிறேன்.

தொகைக்கு ஒப்புக்கொண்டவர் மேற்கே, காசோலை எழுத வேண்டியவர் சிகாகோவில். சாப்ளின் பின்னாளில் எழுதியபடி, அவர் சிகாகோ போய்ச் சேர்ந்தபோது ஸ்பூர் அலுவலகத்துப் பக்கமே வரவில்லை. முன்பணம் இழுத்தடிக்கப்பட்டது. கதை இலாகா எழுதிய கதைகளைத் திங்கட்கிழமை காலை இயக்குநர்களுக்குப் பங்கிட்டுத் தரும் வழக்கமும் அவருக்கு ஒவ்வவில்லை. எடுத்த காட்சிகளைப் போட்டுப் பார்க்க, பாசிட்டிவ் பிரிண்ட் செலவை மிச்சம் பிடிக்க, மூல நெகட்டிவையே புரொஜெக்டரில் ஓட்டினார்கள். கீறல் விழுந்தால் திருத்தவே முடியாது. பார்த்த சாப்ளின் பதறிப்போனார்.

ஒரு படம் முடிந்ததும் நைல்ஸுக்கு வந்தார். அங்கே ஆண்டர்சன் தங்கியிருந்த சிறு வீட்டைப் பார்த்து அதிர்ந்தார்: பழைய இரும்புக் கட்டில், சாமான் இல்லாத அறை. லட்சக்கணக்கில் சம்பாதிக்கும் நட்சத்திரம் இப்படியா வாழ்வார் என்று. ஆண்டர்சனின் செலவுச் சிக்கனம் கேமராவுக்கு வெளியிலும் அதேதான். நைல்ஸில் சாப்ளின் ஐந்து படம் எடுத்தார். கடைசியில் முதுகைக் காட்டித் தனியே சாலையில் நடந்து போகும் நாடோடியின் அந்தப் புகழ்பெற்ற காட்சி, பில்லி வழக்கமாகக் குதிரையோட்டும் அதே பள்ளத்தாக்குப் பக்கம் எடுக்கப்பட்டதுதான். 1915 வசந்தத்தில், இடமும் வசதியும் போதவில்லை என்று லாஸ் ஏஞ்சலிஸுக்குக் கிளம்பிவிட்டார்.

வாரம் ஒன்று என்ற ஓட்டத்துக்கும் சாப்ளினுக்கும் ஒத்துவரவில்லை. போகப்போக ஒரு படத்துக்கு அவர் எடுத்துக்கொண்ட நேரம் நீண்டது, படங்களோ பெரிதாகச் சம்பாதித்தன. வேகமாக எடுத்தால்தான் லாபம் என்பதற்கு நேர் எதிரான சாட்சி தன் முற்றத்திலேயே நின்றபோதும் ஆண்டர்சனின் பில்லி படங்கள் மாறவில்லை. ஒப்பந்தம் முடிந்ததும் 1916 தொடக்கத்தில் சாப்ளின் மியூச்சுவல் நிறுவனத்தோடு வாரம் 10,000 டாலர், கையொப்பத்துக்கு 1,50,000 டாலர் என்று ஒப்புக்கொண்டார். அவர் எடுத்து வைத்துவிட்டுப் போன இரண்டு ரீல் படம் ஒன்றை எஸ்ஸனே நான்கு ரீலாக இழுத்து வெளியிட, வழக்காயிற்று. சாப்ளின் தோற்றார். கம்பெனிக்கு அந்த வெற்றியால் அடுத்த சாப்ளின் யாரும் கிடைக்கவில்லை.

1916 பிப்ரவரி

அந்த மாத நடுவில் நைல்ஸ் ஸ்டூடியோ மூடப்பட்டது. வாரச் சம்பளம் வாங்கி, ஸ்டூடியோ வீட்டில் குடியிருந்து, ஞாயிறு பந்தாடிய குழு சட்டென்று கலைந்தது. ஊருக்கும் அடி. கடைக்காரருக்கும் குதிரை லாயக்காரருக்கும் நான்கு ஆண்டுப் பிழைப்பு அதுதான். அதே ஆண்டு ஆண்டர்சன் தன் பங்கை ஸ்பூரிடம் விற்றுவிட்டு வெளியேறினார். பில்லியின் வரிசை முடிந்தது.

அதன் பிறகு

நியூயார்க்கில் லாங்ஏக்கர் நாடக அரங்கை வாங்கி நாடகம் போட்டார், நிலைக்கவில்லை. 1918, 1919இல் மீண்டும் சில கௌபாய் படங்களில் தலைகாட்டினார். அதற்குள் அந்த நாற்காலியில் வேறு ஆட்கள் உட்கார்ந்துவிட்டார்கள். 1920களின் தொடக்கத்தில், பிற்பாடு ஓர் இரட்டையரில் ஒருவராகப் புகழடைந்த நகைச்சுவை நடிகரை வைத்துக் குறும்படங்கள் தயாரித்தார். அவற்றை வெளியிட்ட மெட்ரோ நிறுவனத்தோடு சச்சரவு, அதோடு நின்றது.

எஸ்ஸனேயும் அதிக நாள் நீடிக்கவில்லை, 1910களின் முடிவுக்குள் படம் எடுப்பதை நிறுத்திவிட்டது. ஸ்பூர் அகலத் திரை ஆராய்ச்சியில் பணத்தை இறக்கி இழந்தார். 1948இல் ஆஸ்கர் அமைப்பு முன்னோடிகள் சிலரைச் சிறப்பித்தபோது ஸ்பூர் அந்த வரிசையில் இருந்தார். ஆண்டர்சனுக்கு அந்தச் சிறப்பு விருது கிடைக்க இன்னும் பத்து ஆண்டு, 1958 வரை, ஆனது. பில்லியின் பெயரைக் கொண்ட ஒரு பாத்திரத்தை நொடித்துப்போன பழைய நடிகராகக் காட்டியதற்காக 1940களில் பெரிய ஸ்டூடியோ ஒன்றின் மேல் நஷ்டஈடு வழக்குப் போட்டதும் அவர் வாழ்க்கையில் உண்டு. பெயர் ஒன்றுதான் கடைசிவரை அவர் சொத்து. 1965இல், 85 வயதில், ஒரு கௌபாய் படத்தில் சில நொடிகள் வந்துபோனார். 1971 ஜனவரியில் காலமானார்.

எதை மாற்றியிருக்கலாம்

படத்தின் தரத்தைக் கூட்டியிருக்க வேண்டும் என்று சொல்வது சுலபம். அது பயனில்லாத அறிவுரை. அன்றைய விலை முறையில் தரத்துக்குக் காசு கிடையாது. படமெடுக்கும் முறையில் 1912 வரை ஆண்டர்சன் எடுத்த முடிவுகளில் ஒன்றைக்கூட நான் மாற்றமாட்டேன்.

மாற்ற வேண்டிய இடம் 1913. ஸ்டூடியோ எழுந்துவிட்டது, குழு பழகிவிட்டது, வரிசை தன்னால் ஓடுகிறது, நகைச்சுவை வரிசையும் சேர்ந்துகொண்டது. மாதத்தில் நான்கு பில்லி படத்தை மூன்றாகக் குறைத்து, மிச்ச நேரத்தில் வருடத்துக்கு ஒரே ஒரு நான்கு ரீல் படமாவது எடுத்துப் பார்த்திருக்கலாம். தோற்றிருந்தாலும் கெய்ட்டி அரங்கில் போனதைவிடக் குறைவாகத்தான் போயிருக்கும். அந்த முகமும் அந்தக் குணமும் நீண்ட கதையைத் தாங்குமா என்பதற்கு விடையும் கிடைத்திருக்கும். தாங்காமல் போயிருக்கவும் கூடும். மறுபக்கத்து ஐம்பது வயது நடிகரின் கண்ணில் இருந்த கடுமை ஆண்டர்சனிடம் இல்லை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

கூட்டாளிகளின் ஏற்பாட்டில் இதைவிடப் பெரிய ஓட்டை. பாதிப் பங்கு கையில் இருந்தும், பணம் எப்போது வெளியே போகும் என்பதில் ஆண்டர்சனுக்குப் பிடி இல்லை. சாப்ளினுக்கு அவர் கொடுத்த வாக்கை நிறைவேற்ற ஸ்பூரின் கையெழுத்துக்குக் காத்திருக்க வேண்டியிருந்தது. இவ்வளவு தொகைவரை மேற்குப் பிரிவே முடிவெடுக்கலாம் என்று 1909இல், ரயிலேறும் முன்பே, எழுதி வாங்கியிருக்க வேண்டும். ஒருவருக்கொருவர் நம்பிக்கை இருந்த காலத்தில் கேட்டிருந்தால் கிடைத்திருக்கும். சாப்ளின் ஒப்பந்தத்தை ஒரே வருடத்தோடு முடித்ததும் இதே குழப்பத்தின் பிள்ளை என்றே நினைக்கிறேன், இருவரில் ஒருவருக்குத்தான் அவர் மேல் நம்பிக்கை இருந்தது.

நிரந்தரக் குழுவை மாற்றமாட்டேன். வாரம் ஒரு படம் என்ற ஓட்டம் படங்களைத் தேய்த்தது உண்மை. ஆனால் வேறெங்கும் கிடைக்காத பயிற்சியாகவும் அது இருந்தது. பேஸ்பால் நன்றாக ஆடுவார் என்பதற்காக நைல்ஸ் ஸ்டூடியோவில் சேர்க்கப்பட்ட ஓர் இளைஞர் அங்கேயே கேமரா பிடிக்கக் கற்றுக்கொண்டார். ஸ்டூடியோ மூடியதும் சாப்ளினிடம் வேலைக்குப் போனார், முப்பது ஆண்டுகளுக்கு மேல் அவருக்குக் கேமராமேனாக இருந்தார்.